செப்பேட்டிலும் ஏரிக்கரையிலும்: சித்தூர், திருப்பதி வட்டாரத்தில் ரொமாண்டிக் காலத்தின் தடங்கள்

1816ஆம் ஆண்டில் அலெக்சாண்டர் டங்கன் கேம்பெல் எழுதிய தெலுங்கு இலக்கண நூல் சென்னையில் அச்சாயிற்று. தமிழ் ஆய்வுலகம் இந்நூலைப் பெரும்பாலும் ஒரே காரணத்துக்காக நினைவில் வைத்திருக்கிறது. தென்னிந்திய மொழிகள் சமஸ்கிருதத்திலிருந்து பிறந்தவை அல்ல, அவை தனிக் குடும்பம் என்று எல்லிஸ் நிறுவிய குறிப்பு அதன் முன்னுரையோடு சேர்ந்துதான் வெளிவந்தது. கால்டுவெல்லின் ஒப்பிலக்கணம் வருவதற்கு நாற்பது ஆண்டுகள் முன்பு நடந்தது இது. ஆனால் அந்த முன்னுரையில் திருப்பதியைப் பற்றிய ஒரு சிறு செய்தியும் இருக்கிறது. எல்லிஸைத் தேடி வருபவர்கள் அதைத் தாண்டிச் சென்றுவிடுகிறார்கள்.

திருமலைக் கோயிலில், ஒரு பிராமணக் குடும்பத்தின் பாதுகாப்பில், ஆயிரக்கணக்கான செப்பேடுகளில் தெலுங்குப் பாடல்கள் பொறிக்கப்பட்டுள்ளன என்று கேம்பெல் கேள்விப்படுகிறார். ஐரோப்பியர் மலையேறும் வழக்கம் அன்று இல்லை. உள்ளூர் ஆள் ஒருவரை அனுப்பிப் பார்க்கச் சொல்கிறார். போனவர் ஓர் இலக்கண நூலைப் படியெடுத்து வருகிறார். எஞ்சியவை எல்லாம் கடவுளைப் போற்றும் நீண்ட துதிகள்தாம், வேறொன்றும் இல்லை என்று கேம்பெல் எழுதி முடித்துவிடுகிறார்.

'வேறொன்றும் இல்லை' என்று ஒதுக்கப்பட்டவை தாள்ளபாக்கம் அன்னமாச்சாரியாரும் (1408–1503) அவர் வழியினரும் பாடிய பதங்கள். இன்று கிடைப்பவை மட்டுமே ஏறக்குறைய 13,000. வேங்கடவனைத் தலைவனாக வைத்து, அலர்மேல்மங்கையின் குரலிலும் தோழியின் குரலிலும், சில இடங்களில் ஊடல் கொண்ட ஒரு சாதாரணப் பெண்ணின் குரலிலும் எழும் காதல் பதங்கள் அவற்றில் பெரும்பகுதி. தன் மனத்தோடு தானே வழக்காடும் தனிமொழிப் பதங்கள் மற்றொரு பகுதி. தன்னுணர்ச்சிப் பாடல் என்று நவீனத் திறனாய்வு பெயரிட்டு அழைக்கும் வகைக்கு இதைவிடப் பெரிய களஞ்சியம் தென்னிந்திய மொழிகளில் ஒரே இடத்தில் கிடைப்பது அரிது.

அதே 1816இல்தான் கோல்ரிட்ஜின் 'குப்ளா கான்' லண்டனில் அச்சேறியது. கீழைத்தேயத்து அரண்மனையைக் கனவில் கண்டதாகச் சொல்லும் கவிதை அது. ஜெர்மனியில் ஃபிரான்ஸ் பாப்பின் ஒப்பியல் வினைத்திரிபு ஆய்வும் அதே ஆண்டுதான். கனவு காண்பவர்கள் அங்கே கனவு கண்டுகொண்டிருந்தார்கள். கனவின் பொருள் இருந்த அறைக்கு அனுப்பப்பட்டவர் இலக்கணத்தைத் தேடிப் போயிருந்தார். இதற்காகக் கேம்பெல்லைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துவது எளிது, நியாயமும் ஆகாது. அவர் பணிபுரிந்த புனித ஜார்ஜ் கோட்டைக் கல்லூரி, வரி வசூலிக்கவும் வழக்கு விசாரிக்கவும் வரும் இளம் அதிகாரிகளுக்கு மொழி கற்பிக்க 1812இல் எழுந்த நிறுவனம். அதன் தேவை இலக்கணமும் அகராதியும். 1801இல் கர்நாடகப் பகுதி கும்பினியின் கைக்கு வந்ததிலிருந்து 1843இல் ஹாதிராம்ஜி மடத்திடம் ஒப்படைக்கப்படும் வரை, திருப்பதிக் கோயிலின் நிர்வாகமும் வருமானமும் சித்தூர்க் கலெக்டரின் மேற்பார்வையில் இருந்தன. காணிக்கைக் கணக்கு ஒழுங்காக எழுதப்பட்டது. பாட்டுக்குக் கணக்கெழுத ஆள் இல்லை.

செப்பேடுகள் 1920களில்தான் மீண்டும் வெளிச்சத்துக்கு வந்தன. இடையில் கழிந்தது ஒரு நூற்றாண்டு. அந்த நூற்றாண்டு இக்கட்டுரைக்கு முக்கியம். ஏனெனில் 'தெலுங்கில் தன்னுணர்ச்சிப் பாடல் ஆங்கிலத்திலிருந்து வந்தது' என்ற இலக்கிய வரலாறு அந்த இடைவெளி முடியும் முன்பே எழுதப்பட்டுவிட்டது.

ஆனாலும் ரொமாண்டிக் காலம் இந்நிலத்தைப் பார்க்கவே இல்லை என்று சொல்லிவிட முடியாது. வேறொரு வாசல் வழியாக அது வந்தது. வால்டர் ஸ்காட் 1802–03இல் வெளியிட்ட ஸ்காட்லாந்து எல்லைப்புறக் கதைப்பாடல் தொகுப்புக்குப் பாடல் திரட்டித் தந்தவர்களில் ஒருவர் ஜான் லெய்டன். இடையன் மகன், கவிஞர், பன்மொழி வெறியர். 1803இல் உதவி மருத்துவராகச் சென்னை வந்து இறங்குகிறார். சிறிது காலத்தில் மைசூர் நில அளவைக் குழுவில் மருத்துவராகவும் இயற்கை ஆய்வாளராகவும் சேர்கிறார். அந்த அளவைக்குத் தலைமை தாங்கியவர் காலின் மெக்கன்சி. அவரும் ஸ்காட்லாந்தின் மேற்குத் தீவொன்றில் பிறந்தவர். லெய்டன் மலபாரின் சிறக்கல்லில் இருந்தபோது ஓர் இந்தியப் பொற்காசை விளித்துப் பாடிய கவிதை, காசுக்காகத் தாய்நாட்டை விட்டு வந்தவனின் கசப்பைச் சொல்வது. கும்பினி ஊழியரின் மனச்சாட்சி பற்றிப் பேசுபவர்கள் அதைப் படிக்க வேண்டும். 1805இல் அவர் பினாங்கு சென்றார், 1811இல் ஜாவாவில் இறந்தார். தென்னிந்தியக் கதைப்பாடல்களை அவர் திரட்டியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்ற கேள்வி சுவையானது, பயனற்றது.

பயனுள்ள பணி மெக்கன்சியின் வழியில் நடந்தது. காவலி வேங்கட போரய்யா, லட்சுமய்யா, ராமசாமி என்ற எலூருச் சகோதரர்களும் அவர்கள் பயிற்றுவித்த உதவியாளர்களும் ஊர் ஊராகச் சென்று கர்ணங்களிடமிருந்தும் கோயில்களிலிருந்தும் கைபீதுகளையும் வம்சாவளிகளையும் திரட்டினார்கள். ஐரோப்பாவில் ஹெர்டரும் கிரிம் சகோதரர்களும் மக்கள் வாய்மொழியில் தேசத்தின் ஆன்மாவைத் தேடிய அதே காலம் அது. இங்கே தேடலின் முதல் நோக்கம் நிலவுரிமையும் பாளையக்காரர் வரலாறும். ஆனால் பையில் சேர்ந்தது நோக்கத்தைவிடப் பெரியது.

அந்தப் பையின் அருமையை அடுத்த தலைமுறையில் உணர்ந்தவர் சார்ல்ஸ் பிலிப் பிரவுன். வேர்ட்ஸ்வொர்த்தும் கோல்ரிட்ஜும் 'லிரிக்கல் பேலட்ஸ்' வெளியிட்ட 1798ஆம் ஆண்டே பிரவுனும் கல்கத்தாவில் பிறந்தார். இது தற்செயல்தான். 1820இல் கடப்பைக்குப் பணியேற்று வந்தவர், பண்டிதர்கள் ஒதுக்கி வைத்திருந்த வேமனரின் பாடல்களைத் தேடித் தொகுத்து 1829இல் மொழிபெயர்ப்புடன் வெளியிட்டது தற்செயல் அல்ல. எளிய சொல்லில், பேசும் நடையில் அமைந்ததே கவிதை என்ற கருத்து காற்றில் இருந்த காலத்தில் வளர்ந்த காது அவருடையது. அவரது உள்ளூர்ப் பண்டிதர்கள் பலருக்கு வேமனர் இழிந்த புலவராகவே தோன்றினார் என்பதையும் இங்கே நினைக்க வேண்டும்.

பிரவுன் 1853இல் சென்னையில் அச்சிட்ட நூல்களுள் ஒன்று அனந்தபுரத்தின் வரலாறு. 1750க்கும் 1810க்கும் இடையில் தெலுங்கு உரைநடையில் எழுதப்பட்டது என்று அவர் குறிக்கிறார். அரசர்களின் போர்கள் என்பது ஆங்கிலப் பெயர்ப்பின் தலைப்பு. ஆனால் அதில் இலக்கியமாக நிலைத்தது போர் அல்ல, ஓர் ஏரிக்கரை.

விசயநகர வேந்தன் புக்கராயனின் பெயரைத் தாங்கிய ஏரி அனந்தபுரத்துக்கு அருகில் உள்ளது. ஒரு பெருமழையில் அதன் கரை உடைகிறது. ஊரே திரண்டு அடைத்தும் நிற்கவில்லை. பசிரெட்டியின் இளைய மருமகள் முசலம்மாவைப் பலியாகக் கொடுத்தால்தான் கரை நிற்கும் என்று ஒரு தெய்வக் குரல் சொல்கிறது. அவள் உடைப்பில் இறங்குகிறாள், கரை நிற்கிறது. ('முசலம்மா' என்றால் கிழவி என்று பொருள். பெயர் கிழவி, ஆள் இளம்பெண். இந்த முரணைக் கதை சொல்பவர் யாரும் விளக்குவதில்லை.) கரையின் ஒரு பகுதி அவள் பெயராலேயே வழங்குகிறது.

கன்னட நாட்டில் இதே கதை பாகீரதி என்ற இளைய மருமகளைப் பற்றிய 'கெரெகெ ஹார' என்னும் நாட்டார் பாடலாக வழங்குகிறது. பால்கன் நாடுகளில் ஏரிக்குப் பதில் கோட்டையும் பாலமும் வரும். செர்பிய வாய்மொழிப் பாடலொன்றில், ஸ்காதர் கோட்டைச் சுவர் நிற்க வேண்டும் என்பதற்காக மூன்று சகோதரர்களில் இளையவனின் மனைவி உயிரோடு சுவருக்குள் வைத்துக் கட்டப்படுகிறாள். வூக் கராஜிச் திரட்டிய இப்பாடலை யாக்கோப் கிரிம் ஜெர்மன் மொழிக்குப் பெயர்த்து 1824இல் கேதேவுக்கு அனுப்பினார். கிரிமுக்கு அது உலகின் நெஞ்சை உருக்கும் பாடல்களுள் ஒன்று. கேதேவுக்கு அது மூடநம்பிக்கையும் காட்டுமிராண்டித்தனமும் கலந்தது. மக்கள் பாடல் என்பதற்காகவே அதை வணங்குவதா, அதில் கொல்லப்படும் பெண்ணைப் பார்ப்பதா என்ற பிளவு ரொமாண்டிக் காலத்தின் நடுவிலேயே இருந்தது. கேதே அருவருப்படைந்த கதையின் இன்னொரு வடிவம், அந்நேரத்தில் இராயலசீமையின் ஒரு கைப்பிரதியில் கிடந்தது.

அதை எடுத்துக் கவிதையாக்கியவர் சித்தூர்க்காரர். கட்டமஞ்சி ராமலிங்க ரெட்டி 1880 டிசம்பர் 10 அன்று சித்தூரை ஒட்டிய கட்டமஞ்சியில் வேளாண் குடும்பத்தில் பிறந்தவர். சித்தூர் அன்று வட ஆர்க்காட்டு மாவட்டத்தின் தலைநகர். தமிழும் தெலுங்கும் ஒரே தெருவில் புழங்கிய ஊர், இன்றும் அப்படித்தான். 1911இல்தான் அது தனி மாவட்டமாயிற்று. ரெட்டி சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் படித்தபோது, அங்கிருந்த தெலுங்கு மாணவர் சங்கத்தின் போட்டிக்காக 1899இல் 'முசலம்ம மரணமு' எழுதிப் பரிசு பெற்றார். பிரவுன் வெளியிட்ட அனந்தபுர வரலாற்றிலிருந்தே கதையை எடுத்தார். அப்போது அவருக்கு வயது பத்தொன்பது நிறையவில்லை.

இதைத் தமிழோடு ஒப்பிட்டால் வேறுபாடு புலப்படும். எட்டு ஆண்டுகளுக்கு முன், 1891இல், சுந்தரம் பிள்ளை 'மனோன்மணீயம்' வெளியிட்டார். அதன் கதைமூலம் லிட்டன் பிரபுவின் ஆங்கிலக் கவிதை. அயல் கதைக்குத் தமிழ் நாட்டையும் பாண்டியனையும் தந்தார் பிள்ளை. ரெட்டி செய்தது மறுபக்கம். கதை உள்ளூர்க் கர்ணத்தின் ஏட்டுக்குரியது, யாப்பு மரபான பத்தியம். அயலிலிருந்து வந்தது பார்வை மட்டுமே. அரசியோ அப்சரஸோ அல்லாத ஓர் உழவர் வீட்டு மருமகள் காவியத் தலைவியாகலாம், அவள் மரணம் அவலச்சுவைக்கு உரியதாகலாம் என்ற துணிவு வேர்ட்ஸ்வொர்த்தின் முன்னுரையைப் படித்த வகுப்பறையில் பிறந்திருக்கலாம். தெலுங்கில் நவீனக் கவிதையின் தொடக்கம் குரஜாடாவின் 'முத்யால சராலு' (1910) என்பாரும், முசலம்மாவே முன்னோடி என்பாரும் இன்றும் வாதிடுகிறார்கள். யாப்பை வைத்துப் பார்த்தால் குரஜாடா, பொருளை வைத்துப் பார்த்தால் ரெட்டி. முதலிடச் சண்டைகளில் இதற்கு மேல் சொல்ல ஒன்றுமில்லை.

கவிதையில் ரெட்டி செய்த பெரிய மாற்றம் பலியின் தன்மையைப் பற்றியது. வரலாற்று ஏட்டில் தெய்வம் கேட்கிறது, ஊர் கொடுக்கிறது. கவிதையில் முசலம்மாவே முடிவெடுக்கிறாள். ஊருக்காக உயிர்விடும் தியாகி ஆகிறாள். இதனால் கேதேவின் ஆட்சேபம் தீர்ந்துவிட்டதா? தீரவில்லை என்றே தோன்றுகிறது. மாமனார் வீட்டில் இளையவளாய், மறுக்கும் உரிமை இல்லாத இடத்தில் இருப்பவள் 'விரும்பி' இறங்கினாள் என்பது, ஊரின் குற்றத்தைக் கவிதை தன் மேல் ஏற்றுக்கொண்டு கழுவும் செயலும்தான். தமிழ்நாட்டின் கொலையில் உதித்த தெய்வங்களை ஆராய்ந்தவர்களுக்கு இம்முறை பழக்கமானது. முதலில் கொலை, பிறகு கோயில், அதன் பிறகு அவளே விரும்பினாள் என்ற கதை. ஆயினும் ரெட்டியின் கவிதை இல்லாவிட்டால் முசலம்மா ஓர் ஏரிக்கரையின் பெயராக மட்டுமே இருந்திருப்பாள். அவளை விவாதத்துக்குரியவள் ஆக்கியது அக்கவிதை.

ரெட்டி பிறகு கேம்பிரிட்ஜ் செயின்ட் ஜான்ஸ் கல்லூரிக்குச் சென்றார். மாணவர் ஒன்றியத்தின் துணைத்தலைவரானார். திரும்பி வந்து பரோடாக் கல்லூரியில் அரவிந்தர் வகித்த துணைமுதல்வர் பதவியில் அமர்ந்தார், பின்னர் மைசூரில் பணியாற்றினார். 1914இல் 'கவித்வ தத்வ விசாரமு' வெளிவந்தது. பிங்கலி சூரனாவின் 'கலாபூர்ணோதயம்' என்ற 16ஆம் நூற்றாண்டுக் காவியத்தை எடுத்துக்கொண்டு, கவிதையின் உயிர் அலங்காரமா, பாவனா சக்தியா என்று கேட்கும் நூல். கோல்ரிட்ஜ் 1817இல் வரைந்த கற்பனை பற்றிய கோட்பாட்டின் நிழல் பாவனா சக்தி என்ற சொல்லில் விழுந்திருக்கிறது. பிரபந்தக் கவிகள் பலர் வருணனைப் பட்டியல்களில் கவிதையைப் புதைத்துவிட்டார்கள் என்பது அவர் தீர்ப்பு. மரபுப் புலவர்கள் கொதித்தார்கள். கொதிப்பில் நியாயமும் இருந்தது. பிரபந்தம் எதைச் செய்ய முயன்றதோ அதைக் கேட்காமல், செய்ய முயலாததைக் கேட்டுத் தண்டிக்கும் போக்கு அந்நூலில் உண்டு.

ஆனால் அதைவிடக் கூர்மையான முரண் ஒன்று உள்ளது. உணர்ச்சியின் நேர்மை, சொல்லின் எளிமை, மனத்தின் தனிமொழி ஆகியவற்றைத் தெலுங்கின் பழைய கவிதையில் காணோம் என்று சித்தூர்க்காரர் ஒருவர் 1914இல் எழுதும்போது, அவர் சொந்த மாவட்டத்தின் மலைமேல் ஓர் அறையில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட செப்பேடுகள் பூட்டிக் கிடந்தன. கேம்பெல்லின் ஆள் பார்த்துவிட்டு வந்த அதே செப்பேடுகள். ரெட்டி அவற்றை அறிந்திருக்க வழியில்லை. ராயப்ரோலு சுப்பாராவின் காதல் கோட்பாட்டையும், தேவுலபல்லி கிருஷ்ணசாஸ்திரியின் 'கிருஷ்ணபக்ஷ'த்தையும் (1925) ஷெல்லி, கீட்ஸின் தெலுங்கு எதிரொலி என்று அடையாளமிட்ட திறனாய்வாளர்களிடமும் அச்செப்பேடுகளின் பாடம் கையில் இல்லை. பாவகவித்துவம் ஆங்கிலத்துக்குக் கடன்பட்டது என்பது பொய்யல்ல. கடன் வாங்கியவனின் வீட்டிலேயே புதையல் இருந்தது என்பதும் கணக்கில் வர வேண்டும்.

இதே மாவட்டத்தின் மற்றொரு மூலையில், மதனப்பள்ளியில், ரொமாண்டிக் மரபு ஐரிஷ் உருவில் வந்து சேர்ந்தது. டப்ளினின் கெல்டிய மறுமலர்ச்சியில் வளர்ந்த கவிஞர் ஜேம்ஸ் கசின்ஸ், 1915இல் அன்னி பெசன்ட் அழைப்பில் இந்தியா வந்து, பிறகு மதனப்பள்ளித் தியசாபிகல் கல்லூரியில் பணியேற்றார். ஷெல்லியைத் தீர்க்கதரிசியாகவே கொண்டாடியவர் அவர். 1917இல் அவர் வெளியிட்ட ஆங்கில இலக்கியத் திறனாய்வு நூல் புதுச்சேரியில் அரவிந்தர் கைக்குப் போயிற்று. அதற்கு மதிப்புரை எழுதத் தொடங்கிய அரவிந்தர், எழுத்து நீண்டு நீண்டு, 'ஆர்யா' இதழில் 1917 டிசம்பர் முதல் 1920 ஜூலை வரை 'வருங்காலக் கவிதை' என்ற தொடரையே எழுதி முடித்தார். பிளேக், வேர்ட்ஸ்வொர்த், கோல்ரிட்ஜ், பைரன், ஷெல்லி, கீட்ஸ் ஆகியோரை விடியலின் கவிஞர்கள் என்று வைத்து ஆராயும் பகுதிகள் அதில் உள்ளன. தன்னை ஷெல்லிதாசன் என்று அழைத்துக்கொண்ட பாரதி, தொடரின் முதல் ஆண்டில் இன்னும் புதுச்சேரியில்தான் இருந்தார். மதனப்பள்ளியிலிருந்து வந்த ஒரு சிறு புத்தகம் அந்தச் சிறு நகரத்தில் இவ்வளவைக் கிளறியது.

1919 பிப்ரவரியில் தாகூர் மதனப்பள்ளிக்கு வந்து கசின்ஸ் இல்லத்தில் விருந்தினராகத் தங்கியதும், அங்கே 'ஜன கண மன' பாடியதும், அதை ஆங்கிலத்தில் பெயர்த்து எழுதியதும், மார்கரெட் கசின்ஸ் அதன் இசையைக் குறியீட்டில் பதிந்ததும் பள்ளிப் பிள்ளைகளும் அறிந்த செய்தி. அச்செய்தியின் ஒளியில் அரவிந்தர் தொடரின் கதை மறைந்துபோயிற்று.

ரெட்டி 1926இல் ஆந்திரப் பல்கலைக்கழகத்தின் முதல் துணைவேந்தரானார். 1948 டிசம்பரில் தம் பெயரால் அமைந்த தேசியப் பரிசை அரவிந்தருக்கு அப்பல்கலைக்கழகத்தின் சார்பில் வழங்கியவரும் அவரே. ஆனால் இந்த வரலாற்றுக்கு அதைவிட முக்கியமானது 1928இல் அவர் ஏற்பாடு செய்த ஒரு சொற்பொழிவு வரிசை. பொருள் வேமனர். இடம் அனந்தபுரம், முசலம்மாவின் ஏரிக்கு அருகில். பேசியவர் ராள்ளபல்லி அனந்தகிருஷ்ண சர்மா. பிரவுன் நூறு ஆண்டுகளுக்கு முன் தொகுத்த கவிஞருக்குத் தெலுங்கில் முதல்தரத் திறனாய்வு அப்பேச்சுகளில்தான் கிடைத்தது.

அதே ராள்ளபல்லி பிற்காலத்தில் திருப்பதிக்கு அழைக்கப்பட்டார். வேட்டூரி பிரபாகர சாஸ்திரி முதலியோர் தொடங்கியிருந்த செப்பேட்டுப் பதிப்புப் பணியைத் தொடர்ந்தார். செப்பேட்டில் ஒவ்வொரு பதத்துக்கும் இராகத்தின் பெயர் இருந்தது, இசையமைப்பு இல்லை. பல பதங்களுக்கு அவர் புதிதாக மெட்டமைத்தார். 1816இல் துதிகள் என்று ஒதுக்கப்பட்டவை கச்சேரி மேடைகளில் பாட்டாகக் கேட்கத் தொடங்கியது அதன் பிறகுதான்.